பாங்கு ஒலித்ததும் நிற்கும் ஆட்டம்

"ஒரே ஓர் ஆட்டம், அத்தா! இப்போது எழுந்தால் எல்லாம் போய்விடும்!"

மஃரிப் பாங்கு ஒலிக்கும் வேளையில் இந்த மறுமொழியைக் கேட்காத முஸ்லிம் வீடு இன்று காரைக்குடியிலும் அரிது, இளையான்குடியிலும் அரிது. கேட்டதும் நமக்குக் கோபம் பொங்குகிறது. தொழுகையைவிட விளையாட்டு பெரிதாகிவிட்டதா என்று மனம் வெதும்புகிறோம். கம்ப்யூட்டரின் மின் இணைப்பையே பிடுங்கி எறிகிற தந்தையரும் உண்டு. ஆனால், அந்தப் பிள்ளை சொல்வதில் பாதி உண்மை இருக்கிறது என்பதை நம்மில் பலர் அறிவதில்லை.

இன்றைய இளைஞர் பெரிதும் ஆடுவது இணையத்தின் பொது அரங்குகளில். பத்துப் பேர் ஓர் ஆட்டத்தில் சேர்கிறார்கள் என்றால், அவர்களைச் சேர்த்துவைப்பது எங்கோ இருக்கும் ஒரு சர்வர். ஆட்டம் தொடங்கிய பின் அதை நிறுத்திவைக்கும் உரிமை நம் பிள்ளைக்குக் கிடையாது. இடையில் எழுந்தால் அவனுடைய அணி தளரும். அவனுடைய தரவரிசை இறங்கும். 'கவுண்டர் ஸ்ட்ரைக்' போன்ற ஆட்டங்களில் பாதியில் வெளியேறுபவனுக்குத் தண்டனையும் உண்டு. முதல் முறை சிறிது நேரத் தடை. திரும்பத் திரும்பச் செய்தால் அது ஒரு வாரம் வரை நீளும். ஆக, பாங்கொலிக்கும் பிள்ளைக்கும் நடுவே நிற்பது வெறும் பிடிவாதம் மட்டுமன்று. தொழுகை நேரம் என்ற ஒன்றை அறியாத எவரோ எழுதிவைத்த விதி!

அந்த விதியை நம் கைக்குள் கொண்டுவர முடியும். பொது அரங்கை விட்டுவிட்டு, பிள்ளையின் நண்பர்களையும் உறவுப் பிள்ளைகளையும் மட்டும் கூட்டி, நம் வீட்டுக் கம்ப்யூட்டரிலேயே ஆட்டத்தை நடத்துவதுதான் அந்த வழி. சர்வர் நம் கூடத்தில் இருக்கும். யார் வரலாம், எப்போது தொடங்கலாம், எப்போது நிறுத்தலாம் என்பதெல்லாம் வீட்டாரின் முடிவு. இதற்குப் பெரும் பணம் தேவையில்லை. பெரும் படிப்பும் தேவையில்லை. வீட்டுப் பெரியவர் அரை நாள் உட்கார்ந்து புரிந்துகொண்டால் போதும்.

விளையாட்டே வேண்டாம் என்பவர்களுக்கு

"விளையாட்டை ஒழிக்க வழி சொல்லாமல், நடத்த வழி சொல்கிறீரே!" என்று சிலர் கேட்கக்கூடும். கேள்வி நியாயமானதே.

ஒரு பெருநாள் தினத்தில் அபிசீனியர்கள் மஸ்ஜிதுந் நபவியில் ஈட்டிகளையும் கேடயங்களையும் கொண்டு விளையாடியதும், பெருமானார் (ஸல்) அவர்கள் அன்னை ஆயிஷா (ரலி) அவர்களைத் தம் பின்னே நிற்கவைத்து, அவர்களே போதுமென்று சலிக்கும்வரை பார்க்க விட்டதும் புகாரி, முஸ்லிம் ஆகிய இரு கிரந்தங்களிலும் பதிவாகியிருக்கின்றன. மகிழ்ச்சியும் விளையாட்டும் மார்க்கத்தின் வாசலுக்கு வெளியே நிறுத்தப்பட்டவை அல்ல.

அதே வேளையில் வரம்பும் உண்டு. நம் நாட்டில் பிறந்த சதுரங்கம் பாரசீகத்தின் வழியாக அரபு மக்களை அடைந்தது. அப்பாசியக் கலீஃபாக்களின் அவையில் அல்அத்லி, அஸ்ஸூலி போன்ற பெரும் ஆட்டக்காரர்கள் புகழுடன் விளங்கினர். அப்போதே மார்க்க அறிஞர்கள் அதைப் பற்றி விரிவாக விவாதித்தார்கள். ஹனஃபி அறிஞர்கள் அதைக் கடுமையாக வெறுத்து ஒதுக்கினர். ஷாஃபிஈ மத்ஹபினர் அது மக்ரூஹ் என்றனர். ஆனால் பந்தயப் பணம் இருக்கலாகாது, தொழுகை தவறலாகாது, நாவில் தீய சொல் வரலாகாது என்று எல்லை கட்டினர். அவ்வெல்லையைத் தாண்டினால் ஹராம் என்றனர். கம்ப்யூட்டர் ஆட்டத்துக்கு ஃபத்வா வழங்குவது இக்கட்டுரையாளனின் வேலையன்று. அதை உங்கள் மஹல்லா ஆலிமிடம் கேட்டுக்கொள்ளுங்கள். ஆயினும் பணம், தொழுகை, நாவு என்ற இந்த மூன்றும் ஆயிரம் ஆண்டு கடந்தும் எத்துணைப் பொருத்தமாக இருக்கின்றன! பொது அரங்கில் இந்த மூன்றும் காவலின்றிக் கிடக்கின்றன. வீட்டு அரங்கில் மூன்றுக்கும் காவல் வைக்கலாம்.

யார் அந்தக் குரல்?

நானறிந்த ஒரு வீடு. தந்தை வளைகுடாவில். பதின்மூன்று வயது மகன் காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு இரவில் ஆடிக்கொண்டிருந்தான். அடுக்களையில் வேலையை முடித்துவிட்டு வந்த தாயின் காதில் மகனின் பேச்சு விழுந்தது. தன் பள்ளியின் பெயரைச் சொன்னான். தெருவைச் சொன்னான். "அத்தா ஊரில் இல்லை, அம்மாவும் தங்கச்சியும்தான்" என்றும் சொன்னான்.

"யாருடன் பேசுகிறாய்?"

"ஃப்ரெண்டு, அம்மா."

"பெயர் என்ன?"

பிள்ளை விழித்தான். அவனுக்குத் தெரிந்ததெல்லாம் திரையில் தெரிந்த புனைபெயர் ஒன்றுதான். எதிர்முனையில் இருந்தது அவனையொத்த சிறுவனா, நாற்பது வயது மனிதனா, எந்த நாட்டவன் என்பதொன்றும் தெரியாது. அந்தக் குரல் கேட்டது நல்லெண்ணத்தால்கூட இருக்கலாம். ஆனால், வாசலில் முன்பின் தெரியாத ஒருவர் வந்து நின்று, "வீட்டில் ஆண்பிள்ளை யாரும் இல்லையா?" என்று கேட்டால் நாம் கதவைச் சாத்துவோமா, மாட்டோமா?

இந்தியாவில் 2020 செப்டம்பர் 2ஆம் நாள் 'பப்ஜி' உள்ளிட்ட 118 செயலிகளை மத்திய அரசு தடை செய்தபோது, "அப்பாடா!" என்று பெருமூச்சுவிட்ட தாய்மார் பலர். அது நாட்டின் பாதுகாப்பைக் காரணமாகக் கூறி எடுக்கப்பட்ட முடிவு. நம் பிள்ளைகளின் நேரத்தைக் கருதி எடுக்கப்பட்டதன்று. அடுத்த ஆண்டே வேறு பெயரில் அதைப் போன்ற ஆட்டம் வந்துவிட்டது. அரசாங்கம் ஒன்றை மூடினால் மற்றொன்று திறக்கிறது. பிள்ளை யாருடன் ஆடுகிறான் என்பதைத் தில்லியிலிருந்து கவனிக்க முடியாது, கூடத்திலிருந்துதான் முடியும்.

வீட்டுக்குள் ஒரு வலை

பல கம்ப்யூட்டர்களை இணைத்து ஆடும் வழக்கம் புதியதன்று. 1993 டிசம்பரில் அமெரிக்காவில் வெளிவந்த 'டூம்' என்ற ஆட்டம், ஒரே வலையில் இணைந்த நான்கு பேர் ஒன்றாக ஆட வழிவகுத்தது. அலுவலகங்களிலும் கல்லூரிகளிலும் வலையே திணறிப் போனதால் பல இடங்களில் அதற்குத் தடை விதித்தார்கள். நம் பக்கத்தில் 2000க்குப் பின் பொறியியல் கல்லூரி விடுதிகளில் இந்த வழக்கம் பரவியது. 2011இல் தமிழக அரசு மாணவர்களுக்கு இலவச மடிக்கணினி வழங்கத் தொடங்கிய பின், கம்ப்யூட்டர் என்ற பொருளையே பார்த்திராத வீடுகளிலும் அது நுழைந்தது.

செய்முறை இதுதான். வீட்டில் இணைய இணைப்புக்கான ரூட்டர் இருக்கிறது அல்லவா? அதன் பின்புறம் பெரும்பாலும் இரண்டு முதல் நான்கு துளைகள் இருக்கும். அவற்றிலிருந்து கேபிள் இழுத்துக் கம்ப்யூட்டர்களில் செருகினால் அவையெல்லாம் ஒரே வலைக்குள் வந்துவிடும். துளைகள் போதாவிட்டால் எட்டுத் துளை உள்ள ஸ்விட்ச் ஒன்று வாங்கி இடையில் வைக்கலாம். இணையமே இல்லாவிட்டாலும் இந்த உள்வலை இயங்கும் என்பது பலருக்கு வியப்பாக இருக்கும். பிள்ளைகள் வெளியுலகைத் தொடாமலே தமக்குள் ஆடலாம்!

வைஃபை இருக்கும்போது கேபிள் எதற்கு என்று கேட்பீர்கள். செட்டிநாட்டுப் பகுதியின் பழைய வீடுகளில் வசிப்பவர்களுக்கு விடை தெரியும். ஒன்றரை அடி, இரண்டடிக் கனத்தில் செங்கல்லும் சுண்ணாம்புமாக எழுப்பிய சுவர்கள் வெயிலைத் தடுப்பதுபோலவே வைஃபை அலையையும் தடுக்கின்றன. முன்கட்டில் ரூட்டர் இருந்தால் இரண்டாங்கட்டில் சிக்னல் குற்றுயிராகத்தான் வந்து சேரும். வேகம் கூடிய 5 கிகாஹெர்ட்ஸ் அலையோ ஒரு சுவரைத் தாண்டவே தள்ளாடும். கேபிளுக்கு இந்தத் தொல்லை இல்லை; 100 மீட்டர் நீளம் வரை தடையின்றி ஓடும். எல்லாரும் ஒரே கூடத்தில், ஆத்தங்குடிக் கல் பாவிய குளிர்ந்த தரையில் பாய் விரித்து உட்கார்ந்தால் கேபிளும் மிச்சம், மேற்பார்வையும் எளிது.

மின்சாரத்தைப் பற்றி ஒரு வார்த்தை. இதில்தான் பலர் அசட்டையாக இருக்கிறார்கள். திரையோடு சேர்த்து ஒரு மேசைக் கம்ப்யூட்டர் ஆட்டத்தின்போது 250 வாட் எடுக்கிறது என்று வைத்துக்கொள்வோம். ஆறு கம்ப்யூட்டர் என்றால் 1500 வாட். நம் வீடுகளின் சாதாரண 6 ஆம்பியர் பிளக் தாங்குவது 230 வோல்ட்டில் 1380 வாட் மட்டுமே. ஒரே பிளக்கில் எக்ஸ்டென்ஷன் பாக்ஸைச் செருகி ஆறையும் மாட்டினால் ஒயர் சூடேறும். பழைய ஒயரிங் என்றால் கருகும் மணமும் வரலாம். வெவ்வேறு சுவிட்ச் போர்டுகளில் பிரித்து மாட்டுங்கள். முடிந்தால் எலெக்ட்ரீஷியன் ஒருவரிடம் காட்டிவிடுங்கள். மடிக்கணினி என்றால் இந்தக் கவலை குறைவு. சாதாரண ரகம் 65 வாட் அளவில் அடங்கிவிடும். ஆட்டத்தை நடத்தும் கம்ப்யூட்டரையும் ரூட்டரையும் யுபிஎஸ்ஸில் மாட்டிவைத்தால், மின்தடை வந்தாலும் ஆட்டத்தைச் சேமித்துக்கொள்ள அவகாசம் கிடைக்கும்.

இனி, நடத்துபவர் தம் கம்ப்யூட்டரின் முகவரியை அறிய வேண்டும். விண்டோஸில் கறுப்புத் திரையைத் திறந்து 'ஐபிகான்ஃபிக்' என்ற கட்டளையை ஆங்கிலத்தில் தட்டினால் 192.168 என்று தொடங்கும் எண் ஒன்று தெரியும். அதுதான் வீட்டுக்குள் மட்டும் செல்லுபடியாகும் உள்முகவரி. தெருவுக்குள் நாம் வழங்கும் வீட்டுப் பட்டப்பெயர் போல. வெளியூர்க்காரன் அதைக் கொண்டு நம்மைத் தேடி வர முடியாது. முதன்முறை ஆட்டத்தைத் திறக்கும்போது 'ஃபயர்வால்' அனுமதி கேட்கும். தனிப்பட்ட வலை, பொது வலை என்று இரண்டு கட்டங்கள் இருக்கும். தனிப்பட்ட வலைக்கு மட்டும் அனுமதி கொடுங்கள். எல்லாக் கம்ப்யூட்டரிலும் ஆட்டம் ஒரே பதிப்பாக இருப்பது முக்கியம். ஒருவரிடம் பழையது, ஒருவரிடம் புதியது என்றால் ஒன்றையொன்று அறியாது. அரை நாள் வீணாவது பெரும்பாலும் இதனால்தான். 'ஸ்டீம்' வழியாக வாங்கிய ஆட்டங்களை ஒரு கம்ப்யூட்டரிலிருந்து பக்கத்துக் கம்ப்யூட்டருக்கு உள்வலை மூலமே மாற்றிக்கொள்ளும் வசதி 2023இல் வந்தது. ஆறு பேரும் தனித்தனியே இறக்கி இணையக் கணக்கைக் காலிசெய்ய வேண்டியதில்லை.

எந்த ஆட்டம்?

இங்கே பெற்றோர் தம் தீர்ப்பைப் பயன்படுத்தியே ஆக வேண்டும். ஐரோப்பாவில் 'பெகி', அமெரிக்காவில் 'ஈஎஸ்ஆர்பி' என்ற அமைப்புகள் ஒவ்வோர் ஆட்டத்துக்கும் வயது வரம்பு குறிக்கின்றன. பெட்டியிலோ விற்பனைப் பக்கத்திலோ அந்த எண் இருக்கும். 18 என்று போட்டிருப்பதைப் பத்து வயதுப் பிள்ளைக்கு வாங்கிக் கொடுத்துவிட்டு, பிள்ளை கெட்டுப்போனான் என்று புலம்புவதில் பொருளில்லை.

என் விருப்பத்தைக் கேட்டால், 1999இல் வெளிவந்த 'ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ்' இரண்டாம் பாகத்தைச் சொல்வேன். எட்டுப் பேர் வரை சேர்ந்து ஆடலாம். விறகு வெட்டி, வயல் உழுது, கோட்டை கட்டி, படை திரட்டும் ஆட்டம் இது. மூளைக்கு வேலை உண்டு. அதில் ஸலாஹுத்தீன் அய்யூபி (ரஹ்) அவர்களின் வரலாறு தனியொரு தொடராக வருகிறது. 1187ஆம் ஆண்டு ஹித்தீன் போரும் அதில் ஒரு கட்டம். மேலை நாட்டார் உருவாக்கிய ஆட்டமொன்றில் அந்த மாவீரர் கண்ணியத்தோடு காட்டப்பட்டிருப்பது குறிப்பிடத்தக்கது. 2019இல் அதே ஆட்டம் புதுப்பிக்கப்பட்டது. 2022இல் வந்த இந்திய அரச மரபுகள் பற்றிய இணைப்பில் திராவிடர் என்ற பிரிவும் இராசேந்திர சோழனின் தொடரும் சேர்க்கப்பட்டன. அந்தப் பிரிவின் தனிச் சிறப்பான கப்பலுக்குத் 'திரிசடை' என்று பெயர். வீரனின் கையிலோ சுருள்வாள். தமிழ்ப் பிள்ளைகள் தமிழ்ப் பெயரைத் திரையில் பார்த்துத் துள்ளுவதைக் காண வேண்டும்! இதில் அறை ஒன்றைத் திறந்து, அதைத் தனிப்பட்டதாகக் குறித்து, பாஸ்வேர்டு வைத்துவிட்டால் அழைத்தவர் தவிர வேறெவரும் நுழைய இயலாது. எல்லாவற்றுக்கும் மேலாக, நடுவில் நிறுத்திவைக்கலாம். சேமித்துவைத்து மறுநாள் அதே இடத்திலிருந்து தொடரலாம்.

சிறு பிள்ளைகளுக்கும் பெண் குழந்தைகளுக்கும் 'மைன்கிராஃப்ட்' ஏற்றது. 2011இல் ஸ்வீடனிலிருந்து முழுப் பதிப்பாக வெளிவந்து உலகெங்கும் பரவியது. 2014இல் மைக்ரோசாஃப்ட் நிறுவனம் அதை 250 கோடி டாலருக்கு வாங்கியது. கட்டிகளை அடுக்கி வீடும் ஊரும் கட்டுவதுதான் ஆட்டம். ஒருவர் தம் உலகைத் திறந்து, நிறுத்தப் பட்டியலில் இருக்கும் 'ஓப்பன் டு லேன்' என்பதை அழுத்தினால் அதே வலையில் உள்ள மற்றவர்களுக்கு அது தெரியும். ஒன்று கவனிக்க வேண்டும்: தனியாக ஆடும்போது நிற்கும் உலகம், இப்படித் திறந்துவிட்ட பின் நிற்காது, எல்லாரும் வெளியேறி, நடத்துபவர் சேமித்து மூட வேண்டும். நிரந்தரமாக நடத்த விரும்புவோர் அந்நிறுவனமே இலவசமாகத் தரும் சர்வர் கோப்பை இறக்கித் தனியாக ஓட்டலாம். அதன் அமைப்புக் கோப்பில் 'ஒயிட்லிஸ்ட்' என்ற வரியை இயக்கிவிட்டால், நாம் பெயர் எழுதியவருக்கு மட்டுமே கதவு திறக்கும். கல்யாண வீட்டில் பத்திரிகை பெற்றவர்கள் மட்டும் பந்தியில் அமர்வதைப்போல!

அந்தப் பெயர்ப் பட்டியலின் பொறுப்பை வீட்டு மூத்த மகளிடம் கொடுத்துப் பாருங்கள். பொது அரங்கில் பெண் குரல் கேட்டதும் எழும் கேலியும் கீழ்த்தரமான பேச்சும் நம் பெண்களை இந்தப் பக்கமே வரவிடாமல் செய்திருக்கின்றன. சாச்சா மகள், மாமு மகள் என்று உறவுக்குள் ஆடும்போது அவர்கள் அச்சமின்றி ஆடுகிறார்கள். சர்வர் நடத்தவும் கற்றுக்கொள்கிறார்கள். கற்றது கையோடு நிற்கும். கோப்பு, முகவரி, அனுமதி, காப்புப் பிரதி என்ற சொற்களெல்லாம் நாளை வேலைக்குப் போகும் இடத்திலும் அவைதாம்.

பழைய கம்ப்யூட்டர் வைத்திருப்போர் வருந்த வேண்டாம். 'சூப்பர்டக்ஸ்கார்ட்' என்ற கார்ப் பந்தய ஆட்டமும், மைன்கிராஃப்ட்டைப்போலக் கட்டிகளால் ஆன 'லுவான்டி'யும் முற்றிலும் இலவசம். யாரும் நகலெடுத்துப் பகிரலாம். எளிய மடிக்கணினியிலும் ஓடும்.

இலவசம் என்று சொல்லும்போதே இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். பூட்டை உடைத்த கள்ளப் பிரதிகள் தாராளமாகக் கிடைக்கின்றன. தராசில் ஒரு கிராம் குறைந்தாலும் மறுமையில் பதில் சொல்ல வேண்டும் என்று அஞ்சுகிற சமுதாயம், பிறர் உழைப்பைத் திருடி ஆடுவதை மட்டும் கண்டுகொள்ளாமல் விடுவது முறையா? மார்க்கத்தை ஒருபுறம் வைத்தாலும், அந்தப் பிரதிகளோடு ஒட்டிக்கொண்டு வரும் வைரஸ்கள் வங்கிக் கணக்கின் பாஸ்வேர்டு வரை திருடக்கூடியவை. சலுகைக் காலத்தில் வாங்கினால் பழைய ஆட்டங்களின் விலை பெரிதும் குறைந்துவிடும், காத்திருந்து வாங்கலாம்.

கடல் கடந்த உறவுகள்

இப்பகுதியில் ஒரு குடும்பம் முழுவதும் ஒரே ஊரில் இருப்பது குறைவு. அன்று பர்மா, மலேயா. இன்று துபாய், சிங்கப்பூர், கோலாலம்பூர். பெரியத்தா பிள்ளைகள் அங்கே, நம் பிள்ளைகள் இங்கே. பெருநாள் வாழ்த்தை வீடியோவில் இரண்டு நிமிடம் சொல்லிவிட்டு, பிறகு பேச ஒன்றுமில்லாமல் திரையைப் பார்த்து விழிக்கும் பிள்ளைகள், ஒன்றாக ஒரு கோட்டை கட்டத் தொடங்கினால் மணிக்கணக்கில் பேசுகிறார்கள்.

இதில் தொழில்நுட்பச் சிக்கல் ஒன்று உண்டு. உலகில் பழைய முறை ஐபி முகவரிகள் மொத்தம் ஏறத்தாழ 429 கோடிதான். அவற்றின் மையக் கையிருப்பு 2011 பிப்ரவரியில் தீர்ந்துவிட்டது. ஆகவே இணைய நிறுவனங்கள் பல வீடுகளுக்குச் சேர்த்து ஒரே வெளிமுகவரியை வழங்குகின்றன. அடுக்குமாடிக் கட்டடம் முழுவதற்கும் ஒரே கதவு எண் என்றால் தபால்காரர் என்ன செய்வார்? அதே கதைதான். கோலாலம்பூர்ப் பிள்ளை நம் வீட்டுச் சர்வரைத் தேடி வந்தால் வாசலிலேயே நின்றுவிடுவான். ரூட்டரில் 'போர்ட்' திறந்துவிடுங்கள் என்று சிலர் யோசனை சொல்வார்கள். பகிர்ந்த முகவரி உள்ள வீட்டில் அது பயன்படாது. தனி முகவரி உள்ள வீட்டிலோ உலகமே தட்டக்கூடிய கதவைத் திறந்துவைப்பதாகும். திறந்த கதவுகளைத் தேடி இரவும் பகலும் அலையும் நிரல்கள் இணையத்தில் ஏராளம்.

இதைவிடச் சிறந்தது, 'டெயில்ஸ்கேல்', 'ரேட்மின்' போன்றவை தரும் மாய உள்வலை. இரு வீட்டிலும் அந்த நிரலை நிறுவி, ஒரே குழுவில் சேர்ந்துவிட்டால், கடல் கடந்த கம்ப்யூட்டரும் பக்கத்து அறையில் இருப்பதாகவே ஆட்டம் கருதிக்கொள்ளும். சிறு குழுவுக்குக் கட்டணமில்லை. ஆட்டத்தில் சிறு தாமதம் இருக்கும். அது தவிர்க்க முடியாதது. காரைக்குடிக்கும் கோலாலம்பூருக்கும் நேர்கோட்டில் 2600 கிலோமீட்டருக்குச் சற்று மேல். கண்ணாடி இழையில் ஒளி வினாடிக்குச் சுமார் 2 லட்சம் கிலோமீட்டர் ஓடுகிறது. போய்வர 26 மில்லி வினாடியாவது ஆகும். கேபிள் சுற்றிச் செல்வதால் உண்மையில் இன்னும் கூடும். கோட்டை கட்டும் ஆட்டத்துக்கு அது ஒரு பொருட்டன்று. சுடும் ஆட்டத்தில்தான் பிள்ளைகள் முணுமுணுப்பார்கள்.

நேரத்தைத்தான் யோசித்துக் குறிக்க வேண்டும். மலேசியா நமக்கு இரண்டரை மணி நேரம் முந்தியது. நாம் அஸர் தொழுதுவிட்டு ஐந்து மணிக்கு அழைத்தால் அங்கே ஏழரை, மஃரிப் வேளை. நாம் இஷாவுக்குப் பின் அழைத்தால் அங்கே நள்ளிரவை நெருங்கும். நம் நேரம் பிற்பகல் 2.30க்குத் தொடங்குவது நல்லது. நாம் லுஹர் முடித்திருப்போம்; அவர்கள் அஸர் முடித்திருப்பார்கள். 4.15 வரை இரு தரப்புக்கும் இடையூறில்லை. துபாய்ப் பிள்ளைகளும் சேர்வதாக இருந்தால் அங்கே அப்போது மணி ஒன்று. லுஹரை முடித்துவிட்டு அவர்கள் சற்றுத் தாமதமாகச் சேர்ந்துகொள்ளலாம். மூன்று நாட்டுத் தொழுகை அட்டவணையையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு பிள்ளைகளே நேரம் குறிக்கட்டும்.

காசு நுழையும் வாசல்

அல்மாயிதா அத்தியாயத்தின் 90ஆம் வசனம் மதுவோடு சூதையும் சேர்த்து விலக்குகிறது. தமிழகத்தில் இணைய ரம்மியால் கடனாளியாகி உயிரை மாய்த்துக்கொண்டவர்களின் செய்திகளை நாம் படித்தோம். 2022இல் நீதிபதி சந்துரு தலைமையிலான குழு ஆராய்ந்து அறிக்கை தந்தது; அவ்வாண்டே சட்டமன்றம் சட்டம் இயற்றியது; ஆளுநர் திருப்பியனுப்ப, மீண்டும் நிறைவேறி 2023 ஏப்ரலில் ஒப்புதல் பெற்றது. 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றமே பணம் வைத்து ஆடும் இணைய ஆட்டங்களைத் தடுக்கும் சட்டத்தை நிறைவேற்றியது. பணமின்றி நண்பர்கள் வீட்டில் ஆடுவதற்கும் இச்சட்டங்களுக்கும் தொடர்பில்லை.

ஆனால், சூது புதிய உடை தரித்து வருகிறது. ஆட்டத்துக்குள் மூடிய பெட்டி ஒன்றைக் காசு கொடுத்து வாங்கினால் உள்ளே அரிய வாளும் இருக்கலாம், ஒன்றுமற்ற பொருளும் இருக்கலாம். பெல்ஜியம் நாட்டின் சூதாட்டக் கண்காணிப்பு ஆணையம் 2018இல் இதைச் சூதாட்டம் என்றே அறிவித்தது. பகடையை நம் வீட்டில் அனுமதிக்காத நாம், இந்தப் பெட்டியை மட்டும் 'விளையாட்டுப் பொருள்' என்று எண்ணி ஏமாறலாகாது. தந்தையின் கார்டு எண்ணைப் பிள்ளையின் கணக்கில் பதிந்துவைக்காமல் இருப்பது எளிய தடுப்பு.

இன்னொரு வாசலும் உண்டு, பெரியவர்கள் கவனிப்பதில்லை. "தோற்றவன் எல்லாருக்கும் புரோட்டா வாங்க வேண்டும்" என்று பிள்ளைகள் தமக்குள் பந்தயம் கட்டுவார்கள். சிறு விஷயந்தானே என்று நமக்குத் தோன்றும். தோற்றவன் பொருளை வென்றவன் உண்பது பந்தயமே என்று ஆலிம்கள் விளக்குகிறார்கள். அதற்கு இடமே தராமல் உணவை வீட்டார் பொறுப்பில் வைத்துக்கொள்ளுங்கள். வந்த பிள்ளைகளுக்கு நெய்ச்சோறு இல்லாவிட்டாலும் தேநீரும் சமோசாவும் உண்டு என்று சொல்லிவிட்டால் பந்தயத்துக்கு வேலையில்லை.

அழைக்கும் முன் ஒவ்வொரு பிள்ளையின் வீட்டுக்கும் ஒரு போன் போட்டுவிடுவது முறை. யார் யார் வருகிறார்கள், என்ன ஆட்டம், எப்போது வீடு திரும்புவார்கள் என்று அந்த வீட்டாருக்குத் தெரிய வேண்டும். இந்து நண்பர்களும் வருவார்கள். காரைக்குடிப் பள்ளிகளில் எல்லாரும் சேர்ந்துதானே படிக்கிறார்கள். எங்கள் வீட்டில் ஒருமுறை அஸர் பாங்கு ஒலித்தபோது, ஆட்டத்தை முதலில் நிறுத்திவைத்தவன் அப்படி வந்த ஒரு நண்பன்தான். "எல்லாரும் போய்விட்டு வாருங்கள், அதுவரை கோட்டையை நான் பார்த்துக்கொள்கிறேன்" என்றான். நிறுத்திவைத்த ஆட்டத்தில் பார்த்துக்கொள்ள ஒன்றுமில்லை என்பது அவனுக்கும் தெரியும். பிள்ளைகள் சிரித்துக்கொண்டே உளூ செய்யக் கிணற்றடிக்குப் போனார்கள். திரும்பி வந்தபோது படைகள் நின்ற இடத்திலேயே நின்றுகொண்டிருந்தன. சமோசாத் தட்டில் மட்டும் இரண்டு குறைந்திருந்தது.